ஏழாம் எண் பறவை

அறுபத்து நான்கு கம்பங்களில் ஒன்று மட்டும் சாய்ந்துவிட்டது. நாற்பத்தோராம் கம்பம்.

"அடிமண்ணு இளகிடுச்சுண்ணே," என்று இலியாஸ் கைத்திரையை நீட்டினான். பச்சைப் புள்ளிகளுக்கு நடுவே ஒன்று சிவப்பாக மினுக்கியது. "நேத்து அமாவாசை. கடல் ஏத்தம் அதிகம். அஞ்சு நிமிஷத்துல போயி நிமித்திட்டு வந்துடறேன்."

மணி பத்து நாற்பது. பதினொன்றுக்குத் தொடக்கம். சதுப்புக் காட்டுக்குள் நீளும் மரப்பாலத்தில் விருந்தினர்கள் வந்து உட்காரத் தொடங்கியிருந்தார்கள். கைபேசிகளையெல்லாம் வாசலிலேயே வாங்கிக் கூடையில் போட்டாயிற்று. மாசிலாமணியின் பதினொரு வருட உழைப்பு இன்றுதான் முதல்முறையாக ஊரார் காதுக்குப் போகிறது. அதற்கு அவர் வைத்த பெயர் 'மனிதனுக்கு முன்'.

பத்திரிகையிலிருந்து வந்திருந்த ஒரு பெண் அவரை விடாமல் கேட்டுக்கொண்டிருந்தாள்.

"உண்மையிலேயே மனுஷச் சத்தம் எதுவுமே கேக்காதா சார்?"

"இந்தக் கம்ப வளையத்துக்குள்ள கேக்காதும்மா. ஒவ்வொரு கம்பமும் ஒரு காது, ஒரு வாய். நீங்க பேசினா அந்த அலைக்கு நேர் எதிரான அலையை அனுப்பும். ரெண்டும் மோதி ஒண்ணுமில்லாமப் போயிடும். உங்க பேச்சு உங்க மண்டைக்குள்ள லேசா முணுமுணுக்கும், அவ்வளவுதான். பக்கத்துல இருக்கறவருக்கு உங்க வாய் அசையறது மட்டும் தெரியும்."

"படகு வந்தா?"

"மோட்டார், ஒலிபெருக்கி, செருப்பு, இருமல் எல்லாம் போயிடும். நண்டு, நாரை, தண்ணி, காத்து, இதெல்லாம் அப்படியே இருக்கும். மனுஷன் வர்றதுக்கு முன்னாடி இந்தக் காடு எப்படிக் கேட்டுச்சோ, அப்படி."

"எது மனுஷன், எது காடுன்னு மிஷினுக்கு எப்படித் தெரியும்?"

"மூணு மாசம் கேக்க வச்சோம். தெரியாத ஓசை வந்தா எங்ககிட்ட கேக்கும், வச்சுக்கவா எடுத்துடவான்னு. நான் உக்காந்து ஒண்ணொண்ணா சொன்னேன்."

"என் வீட்டுலயும் ஒண்ணு கேட்டிருக்காங்க மேடம்," என்றான் இலியாஸ், தோணிக் கயிற்றை அவிழ்த்தபடி. "படுக்கையறையில நாலு கம்பம் நட்டுக் குடுங்கன்னு. என் குறட்டைக்கு."

அந்தப் பெண் சிரித்துவிட்டாள். மாசிலாமணியும் சிரித்தார். இலியாஸ் இருந்தால் எந்தப் பதற்றமும் பாதியாகிவிடும். பரங்கிப்பேட்டைக்காரன், முப்பத்து நான்கு வயது. ஆறு வருடமாக அவரோடு சேற்றில் நின்றவன்.

"ஏழாம் நம்பரு இன்னிக்கு வருமாண்ணே?" என்று தோணியிலிருந்து கேட்டான்.

"வரும் வரும்," என்றார் மாசிலாமணி.

ஏழாம் எண் என்பது ஒரு பறவை. அப்படித்தான் மாசிலாமணி எழுதி வைத்திருந்தார். காட்டைப் பதிவுசெய்த மூன்று மாதமும், நீர் வற்றும் வேளைகளில் ஓர் ஓசை வரும். ஆழமான, அடங்கிய, மூடிய தொண்டையிலிருந்து எழுவது போன்ற ஒரு முனகல். ஒன்று எழுந்தால் தூரத்தில் இன்னொன்று பதில் சொல்லும். பறவையியல் படித்தவர்களுக்கு அனுப்பிப் பார்த்தார், தெரியவில்லை என்றார்கள். இயந்திரம் கேட்டபோது, 'வைத்துக்கொள்' என்றார். பெயரிடாத பறவை, எண் ஏழு.

"அது எறா தடவற அக்காங்களோட முனகலா இருக்குமோண்ணே?" என்று இலியாஸ் அப்போதே ஒருமுறை கேட்டான்.

"மனுஷத் தொண்டைக்கு இந்த அடக்கம் வராதுடா," என்று மாசிலாமணி அதை ஒதுக்கிவிட்டார்.

இறால் தடவும் இருளர் பெண்கள் தினமும் ஐம்பது அடி தூரத்தில்தான் போவார்கள். இடுப்பளவு நீரில் குனிந்து, வேர்களுக்கிடையே வெறுங்கையால் துழாவி, பிடித்த இறாலை ஓலைப் பறியில் போடுவார்கள். இரண்டு கையும் வேலையில் இருப்பதால் கழுத்துக் கயிற்றில் தொங்கும் பறி விலகாதபடி அதன் விளிம்பைப் பல்லால் கடித்துக்கொள்வார்கள். அவர்களிடம் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். அதற்கு ஒரு நிமிடம்கூட ஆகியிருக்காது. நம் வாழ்க்கையில் பெரிய தவறுகளெல்லாம் கேட்காமல் விட்ட அந்த ஒரு நிமிடத்தில்தான் போய் உட்கார்ந்துகொள்கின்றன.

"வேலை முடிஞ்சதும் மூங்கில்ல சிவப்புத் துண்டைக் கட்டி உசத்திக் காட்டறேன்," என்று இலியாஸ் துடுப்பைத் தள்ளினான். "அதைப் பாக்காம பொத்தானைத் தொட்டுடாதீங்க."

"தொடமாட்டேன். நீ போய்ட்டு வா."

தோணி சுரபுன்னை மரங்களின் வளைவுக்குள் மறைந்தது.

பதினொன்றாக இரண்டு நிமிடம் இருக்கையில், விழாவை நடத்தும் சாருமதி ஓடி வந்தாள்.

"சார், தலைமை விருந்தினர் வந்துட்டாரு. பன்னிரண்டு மணிக்குள்ள கிளம்பணுமாம். ஆரம்பிச்சிடலாமா?"

மாசிலாமணி மரங்களுக்கு மேலே பார்த்தார். சிவப்பு எதுவும் தெரியவில்லை. கைத்திரையைப் பார்த்தார். நாற்பத்தோராம் புள்ளி பச்சையாகியிருந்தது. நிமிர்த்திவிட்டான். வந்துகொண்டிருப்பான். துண்டு கட்ட மறந்திருப்பான்.

கண்ணை மூடி ஒரு கணம் நெஞ்சுக்குள் கும்பிட்டுக்கொண்டு, பொத்தானை அழுத்தினார்.

*

உலகம் ஒரு போர்வையைக் கழற்றிப் போட்டது போல இருந்தது.

முதலில் பேச்சு போயிற்று. பிறகு விழாப் பந்தலின் ஒலிபெருக்கி, படகுத்துறை மோட்டார்கள், புடவைகளின் சரசரப்பு. நாற்பது பேர் அமர்ந்திருந்த பாலத்தில் நாற்பது பேரும் இல்லை. அந்த இடத்துக்குள் காடு வந்தது. வேர்களுக்கிடையே நீர் கொப்பளிக்கும் ஒலி. நண்டுகள் கொடுக்குத் தட்டுவது. சேற்றில் துள்ளும் மீனின் சளப். ஒரு நாரை எழுந்தபோது அதன் சிறகடிப்பை ஒவ்வொன்றாக எண்ணலாம்.

முன்வரிசையில் ஒரு பெரியவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

பத்து நிமிடம் சென்றபின் அது வந்தது. ஏழாம் எண்.

இவ்வளவு அருகில் மாசிலாமணி அதைக் கேட்டதே இல்லை. இரண்டு குட்டை, ஒரு நெட்டை. மறுபடி இரண்டு குட்டை, ஒரு நெட்டை. வடகிழக்கிலிருந்து, ஓரிடத்திலேயே நின்று, இடைவிடாமல். எல்லோரும் அந்தப் பக்கம் தலையைத் திருப்பினார்கள். அந்தப் பத்திரிகைப் பெண் வாயைப் பொத்திக்கொண்டாள். மாசிலாமணி கண்ணை மூடிக்கொண்டார். கைத்திரை மடியில் கவிழ்ந்து கிடந்தது. அதில் நாற்பத்தோராம் புள்ளி அணைந்துபோயிருந்ததை அவர் பார்க்கவில்லை. ஒரு கம்பம் போனால் பக்கத்துக் கம்பங்கள் அதன் வேலையையும் எடுத்துக்கொள்ளும். அப்படி வடிவமைத்தது அவர்தான். அதில் அவருக்குப் பெருமையும் உண்டு.

யாரோ தோளைத் தொட்டார்கள்.

இறால் பிடிக்கும் பெண்களில் மூத்தவள், தையநாயகி. கழுத்துவரை நனைந்திருந்தாள். வாய் வேகமாக அசைந்தது. ஒன்றும் கேட்கவில்லை. மாசிலாமணி உதட்டில் விரல் வைத்தார். அவள் அவர் கையைப் பிடித்து இழுத்தாள். காட்டைக் காட்டினாள். படகைக் காட்டினாள். உள்ளங்கையைப் படுக்கவைத்துத் தன் கழுத்தில் வைத்துக் காட்டினாள்.

விருந்தினர்கள் சிலர் இதுவும் நிகழ்ச்சியில் ஒரு பகுதி என்று நினைத்தார்கள். ஒரு வெளிநாட்டுக்காரர் அவளைப் பார்த்துத் தலை வணங்கினார்.

மாசிலாமணி இரண்டு கையையும் சேர்த்துக் கும்பிட்டார். 'முடியட்டும் அம்மா, அப்புறம் பேசலாம்' என்று அதற்குப் பொருள். காவலர் ஒருவர் வந்து அவளை மரியாதையாக நிழலுக்கு அழைத்துப் போய்க் குடிக்கத் தண்ணீர் கொடுத்தார். அவள் அதைத் தட்டிவிட்டாள். குவளை பலகையில் விழுந்து உருண்டது. அதற்கும் சத்தமில்லை.

ஏழாம் எண் இன்னும் வெகுநேரம் கூப்பிட்டது. பிறகு இடைவெளிகள் நீண்டன. பிறகு நெட்டை மட்டும். பிறகு அதுவும் இல்லை.

நாற்பது பேர் எழுந்து நின்று கை தட்டினார்கள். கைகள் மோதின, ஒலி இல்லை. மாசிலாமணி கண்ணீரோடு அதைப் பார்த்தபடி பொத்தானை அணைத்தார்.

கைதட்டல் மழைபோல இரைந்து திறந்துகொண்டது. அதற்கு மேலே, பாதியில் தொடங்கிய ஒரு கூச்சல்:

"...ளு சாவுது! ஆளு சாவுதுடா பாவிங்களா! படகை எடுங்கடா!"

*

நாற்பத்தோராம் கம்பம் நிமிர்ந்து நின்றது உண்மைதான். நான்கு நிமிடம் நின்றது. பிறகு இளகிய மண் விட்டுக்கொடுத்து, நிமிர்த்துவதற்கு இழுத்துக் கட்டிய கயிற்றைக் கீழே அவிழ்த்துக்கொண்டிருந்தவன் முதுகின்மேல், மின்கலப் பெட்டியோடு விழுந்தது. முட்டிபோட்ட நிலையில் அவனைச் சேற்றில் அமுக்கிவிட்டது. அப்போது நீர் அவன் இடுப்புக்கு இருந்திருக்கும்.

படகு போய்ச் சேர்ந்தபோது ஒரு பெண் கழுத்தளவு நீரில் நின்றிருந்தாள். இலியாஸின் தலை அவள் தோளில் சாய்ந்திருந்தது. இரண்டு கையாலும் அவன் தாடையைத் தாங்கி மேலே தள்ளிக்கொண்டிருந்தாள். அவன் மூக்குக்கு மேல் இரண்டு விரல் தண்ணீர் இருந்தது. அவள் வாயில் பறி.

கம்பத்தைத் தூக்க ஆறு பேர் வேண்டியிருந்தது.

அவனைக் கிடத்தி நெஞ்சை அமுக்கிப் பார்த்தார்கள். மாசிலாமணி அவன் வாயில் வாய் வைத்து ஊதினார். உப்பும் சேறும்தான் வந்தன. பத்து நிமிடம் முன்னால் என்றால் பிழைத்திருப்பான் என்று மருத்துவர் பிறகு சொன்னார். அவர் சாதாரணமாகத்தான் சொன்னார்.

அந்தப் பெண்ணின் தாடை பூட்டிக்கொண்டுவிட்டது. பறியை விட முடியவில்லை. தையநாயகி அவள் கன்னம் இரண்டையும் கட்டைவிரலால் நீவி நீவி வாயைத் திறக்கவைத்தாள். பறிக்குள் இரண்டு இறால்கள் இன்னும் துள்ளிக்கொண்டிருந்தன.

*

மறுநாள் சனிக்கிழமை, பரங்கிப்பேட்டையில் அடக்கம் செய்தார்கள். மாசிலாமணி மையவாடியின் ஓரத்தில் நின்றார். ஒரு பிடி மண் போட எல்லோரும் போனபோது அவர் கால் எழவில்லை. யாரோ ஒருவர் அவர் கையைப் பிடித்து அழைத்துப்போய் மண்ணை அள்ளிக் கொடுத்தார். அது யாரென்று மாசிலாமணிக்கு இன்றுவரை தெரியாது.

அவருடைய கைபேசியில் அனுதாபமும் பாராட்டும் கலந்து வந்துகொண்டிருந்தன. விழாக்குழுவின் பதிவிலிருந்து அந்த முனகலை யாரோ வெட்டி எடுத்துப் பரப்பியிருந்தார்கள். லட்சக்கணக்கானவர்கள் கேட்டிருந்தார்கள். ஒருவர் எழுதியிருந்தார்: 'தூங்குவதற்கு முன் இதைத்தான் கேட்கிறேன். அந்தப் பறவையின் பெயர் என்ன?'

ஞாயிறு காலை சாருமதி அழைத்தாள். அழுது அழுது அவள் குரல் கட்டியிருந்தது.

"சார், போலீஸ்ல தவறி விழுந்து இறந்ததா எழுதியிருக்காங்க. அந்தக் குடும்பத்துக்கு நாங்க என்ன செய்யணுமோ செய்வோம். நீங்க கவலைப்படாதீங்க." பிறகு கேட்டாள்: "கழிவுப் பெட்டி நாளைக்கு மதியத்துக்குள்ள தானா அழிஞ்சிடும் இல்ல?"

வளையம் அகற்றிய ஒலிகள் உடனே காணாமல் போவதில்லை. எதை எடுத்தோம் என்று சரிபார்ப்பதற்காக மூன்று நாள் ஒரு கிடங்கில் இருக்கும். அவர்கள் அதைக் கழிவுப் பெட்டி என்பார்கள். விருந்தினர்களின் பேச்சை வைத்துக்கொள்ள மாட்டோம் என்று எழுதிக் கொடுத்திருந்ததால், மூன்று நாளில் அது தன்னைத்தானே துடைத்துக்கொள்ளும்.

"அதுல அவன் குரல் இருக்கும்மா," என்றார் மாசிலாமணி.

"தெரியும் சார். அதனாலதான் சொல்றேன். நாம எதையும் அழிக்கல. சும்மா இருந்தா போதும்."

அவள் கெட்டவள் இல்லை. சும்மா இருப்பது பாவத்தில் சேராது என்று நம்மில் பெரும்பாலோர் நம்புவது போலத்தான் அவளும் நம்பினாள். மாசிலாமணியும் அன்று மதியம்வரை அந்த நம்பிக்கையைப் பிடித்துக்கொண்டு விடுதி அறையில் சும்மா உட்கார்ந்திருந்தார்.

மதியம் கதவைத் தட்டினார்கள். தையநாயகியும், பறி கடித்திருந்த அந்தப் பெண்ணும். நாற்பது வயதிருக்கும். கன்னம் இன்னும் வீங்கியிருந்தது. வாயைச் சரியாகத் திறக்க முடியாமல் பல்லிடுக்கில் பேசினாள்.

"நான் அஞ்சலாச்சி சார். கெழக்கால குடிசையில இருக்கறன்."

உட்காரச் சொன்னார். உட்காரவில்லை.

"அந்தத் தம்பி பேசிக்கினே இருந்துச்சு சார். எம் மூஞ்சியப் பாத்து. கடைசி வரைக்கும் வாயி அசைஞ்சுது. எனக்கு ஒண்ணும் கேக்கல. நான் சொன்னதும் அதுக்குக் கேக்கல. உங்ககிட்ட மிஷினு இருக்கே, அது என்னா சொல்லுச்சுன்னு கண்டுபுடிச்சிச் சொல்லுங்க."

"எதுக்கும்மா?"

"எதுக்கா?" அவள் அவரை வியப்போடு பார்த்தாள். "எதிர்க்க நானில்ல இருந்தன். வூட்டுக்குச் சொல்லுன்னு எதனாச்சும் சொல்லியிருக்கும். அது எங்கிட்ட குடுத்த வார்த்தை சார். அதை வாங்கி வச்சிக்கினு, என்னான்னே தெரியாம நான் எப்பிடிச் சோறு திங்கறது?"

அவர் கேட்டார்: "பறியை ஏம்மா கடிச்சுக்கிட்டே இருந்தே? கீழ போட்டுட்டு..."

"போட்டுட்டா யாரு கூப்புடறது?" என்றாள் தையநாயகி. "நீங்க கம்பம் நட்டு ஓட்டிப் பாத்தீங்களே பத்து நாளு, அப்பவே எங்களுக்குத் தெரியும். வாயால பேசினா முழுங்கிடுது. பறியக் கடிச்சிக்கினு முனகினா விட்டுடுது. தண்ணிக்குள்ள நாங்க அப்பிடித்தான் பேசிக்குவோம். நான் ஒரு முனகல் குடுத்தா ஒவ்வொருத்தியும் பதில் குடுக்கணும். எல்லார் பதிலும் வந்தாத்தான் கரையேறுவோம். ஒண்ணு கொறைஞ்சாலும் ஏற மாட்டோம்."

மாசிலாமணி கேட்டார்: "ரெண்டு குட்டை, ஒரு நெட்டைன்னா?"

"'சீக்கிரம் வா'ன்னு அர்த்தம்."

சீக்கிரம் வா. சீக்கிரம் வா. நாற்பது பேர் கண்ணீரோடு கேட்டது. லட்சம் பேர் தூங்குவதற்கு முன் கேட்பது.

"ஓடை நெறைஞ்சிப் போச்சு. படகு இல்லாம போவ முடியல," என்றாள் தையநாயகி. அவள் குரலில் கோபம்கூட இல்லை. அதுதான் தாங்க முடியவில்லை. "எங்க தோணியெல்லாம் விழா முடியற வரைக்கும் எடுக்கக் கூடாதுன்னுட்டீங்க. உங்க படகுதான் கட்டிக் கெடந்துச்சு. கழுத்துல கைய வச்சிக் காமிச்சன். நீங்க கும்புட்டீங்க."

*

அன்று மாலைக்குள் மாசிலாமணி கழிவுப் பெட்டியிலிருந்து, நாற்பத்தோராம் கம்பத்துக்குப் பக்கத்துக் கம்பங்கள் கேட்ட அந்த நாற்பது நிமிடத்தை எடுத்துவிட்டார். ஒரு பிரதியைக் காவல் நிலையத்தில் கொடுத்தார். துண்டு ஏறாமல் பொத்தானை அழுத்தியது நான், ஆள் வந்துவிட்டானா என்று எண்ணிப் பார்க்காதது நான் என்று தன் கையால் எழுதிக் கையெழுத்துப் போட்டார். எழுதி வாங்கிய ஆய்வாளர், "இப்ப இதை ஏன் சார் நீங்களே..." என்று இழுத்தார்.

சாருமதிக்கும் அழைத்துச் சொன்னார். அவள், "எனக்கும் தூக்கம் வரல சார்," என்று மட்டும் சொன்னாள்.

பதிவை அவர் முழுதாகக் கேட்கவில்லை. முதல் இரண்டு நிமிடம் கேட்டார். இலியாஸ் அவர் பெயரைச் சொல்லிக் கத்தினான். நிறுத்திவிட்டார். மீதியை முதலில் கேட்க வேண்டியவர் தான் இல்லை என்று அவருக்குத் தோன்றியது.

திங்கள் காலை அஞ்சலாட்சியோடு பரங்கிப்பேட்டைக்குப் போனார். கணவனை இழந்த பெண் நான்கு மாதமும் பத்து நாளும் அயல் ஆண்களுக்கு முன்னால் வராமல் வீட்டுக்குள் இருப்பது அவர்கள் வழக்கம். இலியாஸின் மனைவி ரஹ்மத்தின் அண்ணன் அவரை முன்கூடத்தில் உட்காரவைத்தார். உள்ளறை வாசலில் ஒரு பச்சைத் திரை தொங்கியது. கண்ணுக்கு ஒன்றும் தெரியாது. காதுக்கு எல்லாம் வரும்.

அஞ்சலாட்சி வாசற்படியிலேயே தயங்கினாள். "காலெல்லாம் சேறும்மா."

"அவரு தினமும் இதே சேத்தோடதான் வருவாரு. உள்ள வாங்கக்கா," என்றது திரைக்குப் பின்னாலிருந்து ஒரு குரல். அஞ்சலாட்சி திரைக்குள் போனதும், "வாய் வீங்கியிருக்கே. ஏதாவது சாப்ட்டீங்களா? கஞ்சி காய்ச்சித் தரச் சொல்றேன், குடிக்கச் சுலபமா இருக்கும்."

கஞ்சி வந்தது. குடித்து முடிக்கும்வரை ரஹ்மத் வேறெதுவும் கேட்கவில்லை.

மாசிலாமணி சிறிய ஒலிப்பெட்டியைத் திரைக்கு அடியில் தள்ளினார். "அம்மா, இது... கேக்கறது கஷ்டமா இருக்கும். வேண்டாம்னா..."

"போடுங்க."

இலியாஸின் குரல் அந்த வீட்டுக்குள் வந்தது.

"மாசிலாமணி அண்ணே! நிறுத்துங்கண்ணே! அண்ணே!"

அது வெகுநேரம் போயிற்று. மாசிலாமணி எழுந்து ஓடிவிடாமல் நாற்காலியின் கைகளைப் பிடித்துக்கொண்டார். பிறகு தண்ணீர் அலம்பும் சத்தமில்லாமல், காடே இல்லாத ஏதோ ஒரு வெற்றிடத்தில், இரண்டு குரல்கள் மட்டும் கேட்டன.

"ஐயோ, யாரு பெத்த புள்ளையோ! ஆடாத தம்பி, ஆடாத. நான் புடிச்சிக்கிறன்."

"அக்கா! அக்கா, அண்ணன்கிட்ட போயி நிறுத்தச் சொல்லுங்க!"

"என்னா சொல்றன்னு தெரியலியே சாமி. வாயி மட்டும் அசையுது."

பிறகு ஒரு வெறுமை. அந்த வெறுமையில்தான் அவள் பறியைக் கடித்து முனகியிருக்கிறாள். பறவை என்று வைத்துக்கொண்ட முனகல் கழிவுப் பெட்டிக்குள் வரவில்லை. திரைக்குப் பின்னால் அஞ்சலாட்சி தன்னையறியாமல் அந்த இடைவெளியை நிரப்பினாள். இரண்டு குட்டை, ஒரு நெட்டை. வீங்கிய வாய்க்குள்ளிருந்து, மெதுவாக.

"அக்கா, தண்ணி ஏறுது. நீங்க போயிடுங்க. உங்களுக்கும் ஆழமாயிடும். போங்கக்கா."

"தண்ணி வேணுமா? இது உப்பு சாமி, குடிச்சிடாத. வருவாங்க. தையநாயகி வந்துடுவா. அவ ஆளு எண்ணாம ஏற மாட்டா."

மறுபடி வெறுமை. மறுபடி முனகல்.

"போக மாட்டீங்களா? சரி." அவன் மூச்சு இரைத்தது. "உங்க பேரு என்னக்கா? பேரு சொல்லுங்க. உங்களுக்காக அல்லாஹ்கிட்ட கேக்கணும். பேரு தெரியாம எப்படிக் கேக்கறது?"

"உம் பேரு என்னாப்பா? உங்க வூட்டுல என்னான்னு போயி சொல்றது? பேரைச் சொல்லு தம்பி."

"பேரு சொல்லுங்கக்கா."

"பேரைச் சொல்லு சாமி."

அதற்குப் பிறகு அவன், இறைவன் ஒருவனே என்னும் கலிமாவைச் சொன்னான். ஒருமுறை முழுதாக. இன்னொருமுறை பாதிவரை.

"அழுத்தமா சாஞ்சிக்கோ. எனக்கு ஒண்ணும் பாரமில்ல," என்றது அவள் குரல். அதன்பின் வெறுமைகள் நீண்டுகொண்டே போயின. கடைசியில், தூரத்தில், படபடவென்று ஏதோ பொழிந்தது.

"அது என்ன சத்தம்?" என்று ரஹ்மத் கேட்டாள். "மழையா?"

ஆமாம் என்று சொல்லிவிடலாம். ஒரே சொல். யாருக்கும் தெரியாது.

"இல்லம்மா," என்றார் மாசிலாமணி. "நாங்க கை தட்டினோம்."

பெட்டி நின்றது. தெருவில் ஒரு மீன்காரர் கூவிக்கொண்டு போனார்.

"குறட்டை விடறாரேன்னு அந்தக் கம்பத்துல நாலு கேட்டேன் நான்," என்றாள் ரஹ்மத். பிறகு அவள் அழுதாள். கூடவே அஞ்சலாட்சியும் அழுதாள். யார் யாரைத் தேற்றினார்கள் என்று இந்தப் பக்கம் இருந்தவருக்குத் தெரியவில்லை.

வெகுநேரம் கழித்து ரஹ்மத்தின் குரல் கேட்டது.

"அவரு ஒண்ணு கேட்டாருல்லக்கா. நீங்க இன்னும் பதில் சொல்லல."

அஞ்சலாட்சி தொண்டையைச் செருமிக்கொண்டாள். அந்த ஒலிப்பெட்டியைப் பார்த்துத்தான் சொல்லியிருக்க வேண்டும்; பக்கத்தில் இருப்பவரிடம் பேசுவது போல இல்லை, சற்று உரக்க, நீருக்கு அப்பால் நிற்பவருக்குச் சொல்வது போல இருந்தது.

"அஞ்சலாச்சி, தம்பி. எம் பேரு அஞ்சலாச்சி."

திரைக்குப் பின்னால் ரஹ்மத் கையேந்தி ஓதத் தொடங்கினாள். மாசிலாமணிக்கு அந்த அரபுச் சொற்கள் புரியவில்லை. அவர் தலையைக் குனிந்து, காதை மட்டும் திறந்து வைத்துக் காத்திருந்தார். சிறிது நேரத்தில் அவற்றின் நடுவே அவருக்குத் தெரிந்த ஒரே ஒரு சொல் வந்தது. அந்தப் பெயர்.